வொறம் பேர்சி: ஓர் ஆங்கிலக் கிராமத்தின் மறைவு

அரசரது ஆட்சியாண்டுகளையும் போர்களையும் நிரற்படுத்திக் கூறுவதே வரலாறு என்னும் கருத்து நெடுங்காலம் நிலவிற்று. உழுதுண்டு வாழ்ந்த மக்கள் அவ்வரலாற்றில் வரிப்பட்டியலின் எண்களாகவே இடம்பெற்றனர். இக்குறையினை நீக்க முயன்ற ஆய்வுகளுள், இங்கிலாந்தின் வட யோக்சயரில் வோல்ட்ஸ் எனப்படும் சுண்ணக் குன்றுகளின் மேற்கு விளிம்பில் அமைந்த வொறம் பேர்சி என்னும் சிற்றூர் பற்றிய ஆய்வு விதந்துரைக்கத்தக்கது. புல் மூடிய வீட்டு அடித்தளங்களையும் கூரையிழந்த புனித மார்ட்டின் தேவாலயத்தையும் இன்றும் அங்கு காணலாம்.

பொருளாதார வரலாற்றறிஞரான மோறிஸ் பெரெஸ்போட் 1948ஆம் ஆண்டு இவ்விடத்தைக் கண்டறிந்தார். பின்னர் தொல்லியலாளரான ஜோன் ஹேர்ஸ்ற் அவருடன் இணைந்தார். 1950 முதல் 1990 வரை கோடைதோறும் தொண்டர்களின் துணையோடு அகழ்வு நடைபெற்றது. இங்கிலாந்தில் ஏறத்தாழ 3,000 இடைக்காலக் கிராமங்கள் கைவிடப்பட்டுள்ளன. அவற்றுள் மிக விரிவாக ஆராயப்பட்டது இதுவேயாகும்.

இவ்வூர் அழிந்தது எவ்வாறு? 1348-49ஆம் ஆண்டுகளின் கொள்ளைநோயே இத்தகைய ஊர்களை வெறுமையாக்கிற்று என்பது பொதுவழக்கு. சான்றுகள் இதற்கு இடந்தரவில்லை. நோய் ஓய்ந்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கழிந்த 1368இல் சுமார் 30 வீடுகளில் மக்கள் வாழ்ந்தனர். 1458இலும் 16 வீடுகள் எஞ்சியிருந்தன. எனவே கொள்ளைநோய் ஊரை நலிவடையச் செய்ததேயன்றி அழித்துவிடவில்லை என்பது தெளிவு.

மக்கள்தொகை குறையவே கூலி உயர்ந்தது. தானியத்தின் தேவை சுருங்கிற்று. மறுபுறம் கம்பளிக்கு நல்ல சந்தை இருந்தது. பல உழவர் பாடுபட்ட நிலத்தை ஓரிரு இடையரைக் கொண்டு மேய்ச்சல் தரையாக்குவது நிலப்பிரபுவுக்கு ஆதாயமாயிற்று. 1517இல் வூல்சியின் முயற்சியால் அரசு நடத்திய விசாரணையின்போது, ஹில்ற்றன் பிரபு இவ்வூரில் நான்கு வீடுகளை அழித்து நான்கு ஏர்களை நிறுத்தினார் எனப் பதிவாயிற்று. கி.பி. 1500ஐ அடுத்து எஞ்சிய குடிகளும் அகன்றன. தோமஸ் மோர் 1516இல் வெளியிட்ட உற்றோப்பியாவில் இத்தகைய வெளியேற்றங்களையே கண்டித்தார் என்பது ஈண்டு நினைக்கற்பாலது.

ஊர் மறைந்தபோதும் பங்கு மறையவில்லை என்பது வியப்புக்குரியது. தேவாலயம் அயற்சிற்றூர்களுக்கும் பொதுவானதாகையால், அங்குள்ள மக்கள் ஆளற்ற பள்ளத்தாக்கினூடே நடந்து வந்து வழிபட்டனர். இறந்தோரையும் அங்கேயே அடக்கஞ் செய்தனர். 1870இல் திக்சென்டேல் கிராமம் தனக்கெனத் தேவாலயம் பெற்றதும் தாய்க்கோயிலின் தேவை குன்றிற்று. 1949இல் இறுதி வழிபாடு நடந்தது; பத்தாண்டுகளின் பின் கோபுரத்தின் ஒரு பகுதி சரிந்தது.

அகழ்வில் வெளிப்பட்ட ஏறத்தாழ 700 எலும்புக்கூடுகள், ஏடுகள் கூறாத செய்திகளைக் கூறுகின்றன. குழந்தைகள் ஏறக்குறைய ஒன்றரை ஆண்டுவரை தாய்ப்பால் அருந்தினர் என்பதும் அவ்வாறே அறியப்பட்டது. குடியானவர் வீடுகள் தலைமுறைக்கொரு முறை இடிந்துவீழும் குடிசைகள் என முதலில் எண்ணப்பட்டது. பின்னர் ஸ்ருவட் றத்மெல் சான்றுகளை மீளாய்ந்து, வளைமரச் சட்டங்களால் உறுதியாகக் கட்டப்பட்ட வீடுகளே அவை என நிறுவினார். ஏழையின் வாழ்வைத் தாழ்வாகவே கற்பனை செய்யும் மனப்பாங்கு ஆய்வாளரிடத்தும் புகுந்துவிடுகின்றது என்பதற்கு இஃது ஓர் எச்சரிக்கையாகும்.

ஊரின் அழிவை நோயின்மீது சுமத்துதல் எளிது. நோய்க்கு நோக்கமில்லை, அதனை எவரும் விசாரிப்பதுமில்லை. வெளியேற்றத்துக்கோ ஒரு நோக்கமும், ஆதாயம் பெற்றவரும், இழந்தவரும் உளர். அவர்களை இனங்காணுவதே சிற்றூர் வரலாற்றை எழுதுவோரின் முதற்கடன்.