பாரதியை யானை கொன்றதா? – பாரதி வாழ்க்கை வரலாற்று நூல்களை எப்படி வாசிப்பது



முதலில் ஒரு தவற்றை ஒப்புக்கொண்டு தொடங்குகிறேன். வேலைக்குச் சேர்ந்த முதல் மூன்று ஆண்டுகள், "பாரதியார் யானை மிதித்து இறந்தார்" என்றுதான் வகுப்பில் சொல்லிக்கொடுத்தேன். நான் படித்தது சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்துத் தமிழ்ப்பள்ளி. அங்கே என் ஆசிரியர் அப்படித்தான் சொன்னார். லயத்துக்குத் திரும்பி வந்து பாட்டியிடம் சொன்னேன். பாட்டி அழுதுவிட்டார். பாட்டி அழுத கதை பொய்யாக இருக்கும் என்று எந்தப் பிள்ளைக்குத் தோன்றும்?

பிறகு டிப்ளோமா படிக்கும்போது ஓர் இடுபணியில் அதே வரியை எழுதினேன். விரிவுரையாளர் ஓரத்தில் சிவப்பு மையில் மூன்றே சொற்கள் எழுதியிருந்தார்: "எந்த நூலில் உள்ளது?" தேடிப் பார்த்தேன். கிடைக்கவில்லை. இந்தக் கட்டுரை அந்தத் தேடலில் நான் கற்றுக்கொண்டது.

1. நடந்தது என்ன?

1918-இன் கடைசியில் பாரதி புதுச்சேரியை விட்டு வெளியேறினார். கடலூருக்கு அருகே கைதாகி, பிறகு விடுதலையானார். 1920-இல் சென்னைக்கு வந்து மறுபடியும் 'சுதேசமித்திரன்' இதழில் வேலைக்குச் சேர்ந்தார். திருவல்லிக்கேணியில் குடியிருந்தார். பார்த்தசாரதி கோயில் யானைக்கு அவர் பழம் கொடுப்பது வழக்கம். 1921-இல் ஒரு நாள் மதங்கொண்டிருந்த அந்த யானை அவரைத் தள்ளிவிட்டது. நண்பர் குவளைக்கண்ணன் உள்ளே பாய்ந்து அவரைத் தூக்கிக் காப்பாற்றினார். இதுவரை கதை சரிதான்.

அடுத்து நடந்ததைத்தான் நாம் விட்டுவிடுகிறோம். பாரதி பிழைத்தார். தேறி வேலைக்கும் போனார். 1921 ஜூலை 31-இல் ஈரோடு கருங்கல்பாளையத்து வாசகசாலையில் சொற்பொழிவு ஆற்றினார். மனிதனுக்கு மரணம் இல்லை என்பதுதான் பேச்சின் பொருள். அந்தப் பயணத்தைப் பற்றித் தானே 'சுதேசமித்திரனில்' எழுதவும் செய்தார். யானை மிதித்து இறந்த ஒருவர் ரயில் ஏறி ஈரோடு போய்ப் பேசி, திரும்பி வந்து கட்டுரை எழுத முடியாது இல்லையா?

அவர் உயிரைக் கொண்டுபோனது வயிற்றுக்கடுப்பு நோய். செப்டம்பர் 11-ஆம் தேதி இரவு, நள்ளிரவு தாண்டிய நேரத்தில் இறந்தார். அதனால்தான் சில நூல்களில் செப்டம்பர் 11 என்றும் சிலவற்றில் 12 என்றும் பார்க்கிறீர்கள். அப்போது அவருக்கு 39 வயதுகூட நிறையவில்லை. யானை தள்ளிய அதிர்ச்சி உடம்பைப் பலவீனப்படுத்தியிருக்கலாம் என்று கருதுபவர்கள் உண்டு. அது ஒரு கருத்து. "யானை கொன்றது" என்பது கருத்துகூட இல்லை, பிழை.

2. யார் எழுதினார்கள், எங்கே நின்று எழுதினார்கள்?

பாரதி பற்றிய நூல்கள் ஓர் அலமாரியை நிறைக்கும். எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைத்துப் படித்தால் குழப்பம்தான் வரும். நான் மாணவர்களுக்கு நான்கு தட்டுகளாகப் பிரித்துக் காட்டுவேன்.

முதல் தட்டு, கவிஞர் தம்மைப் பற்றித் தாமே எழுதியது. 'கனவு' என்ற சுயசரிதைக் கவிதை, முற்றுப்பெறாத 'சின்னச் சங்கரன் கதை' ஆகியவை இதில் சேரும். ஆங்கிலக் கல்விக்காகத் திருநெல்வேலிக்கு அனுப்பப்பட்ட கசப்பும், தந்தை சின்னசாமி ஐயர் தொழிலில் நொடித்துப்போனதும் அந்தக் கவிதையில் வருகின்றன. நம்பலாமா? அவர் மனம் எப்படி இருந்தது என்பதற்கு நம்பலாம். தேதிக்கும் தொகைக்கும் வேறு சான்று தேடுங்கள்.

இரண்டாம் தட்டு, உடன் வாழ்ந்தவர்களின் நினைவு. செல்லம்மா பாரதியின் 'பாரதியார் சரித்திரம்' (1941), வ.ரா.வின் 'மகாகவி பாரதியார்' (1944), யதுகிரி அம்மாளின் 'பாரதி நினைவுகள்' (1954) ஆகிய மூன்றையும் சேர்த்துப் படியுங்கள். வ.ரா. புதுச்சேரியில் பாரதியின் நிழலாக இருந்த இளைஞர். அவருடைய நூலில் நாம் காண்பது வீரர். யதுகிரி அங்கே இருந்த மண்டயம் ஸ்ரீனிவாசாச்சாரியாரின் மகள், அப்போது சிறுமி. அவர் காட்டுவது பிள்ளைகளோடு பாடித் திரியும் ஒரு மாமா. செல்லம்மாவின் நூலில் வீடு வருகிறது, அடுப்பு வருகிறது, இல்லாமை வருகிறது.

சமைக்க வைத்திருந்த அரிசியைக் குருவிகளுக்கு இறைத்த கதை உங்களுக்குத் தெரியும். நாம் அதைக் கவிஞரின் கருணை என்று எழுதி மதிப்பெண் வாங்குகிறோம். அன்றைக்குப் பிள்ளைகளுக்கு என்ன சமைப்பது என்று கையைப் பிசைந்துகொண்டு நின்றவர் பக்கத்திலிருந்து அந்தக் காட்சியைப் பாருங்கள். நிகழ்ச்சி ஒன்றுதான். ஆனால் வரலாறு இரண்டாகிவிடுகிறது. இரண்டும் உண்மை.

இன்னொன்றும் கவனியுங்கள். இந்த மூன்று நூல்களும் பாரதி இறந்து 20 ஆண்டுகள் அல்லது அதற்கும் மேல் கடந்து வெளிவந்தவை. பாசம் கூடியிருக்கும். நாள், மாதம் மங்கியிருக்கும்.

மூன்றாம் தட்டு, ஆவணம் தேடியவர்கள். ரா.அ. பத்மநாபன் படங்களையும் கடிதங்களையும் இதழ்களையும் தேடித் தொகுத்து 1957-இல் 'சித்திர பாரதி' நூலை வெளியிட்டார். சீனி. விசுவநாதன் பாரதியின் எழுத்துகளைக் கால வரிசைப்படி பதிப்பிப்பதிலேயே தம் வாழ்நாளைக் கழித்தார். 23 தொகுதிகளாக அது 2024 டிசம்பரில் முழுமையாக வெளியிடப்பட்டது. ஒரு கவிதை எந்த ஆண்டு எழுதப்பட்டது என்று தெரியாமல், அதற்கு வாழ்க்கையிலிருந்து காரணம் சொல்ல முடியாது. இவர்கள் செய்த வேலையின் அருமை அதுதான்.

நான்காம் தட்டு, ஆய்வும் திறனாய்வும். தொ.மு.சி. ரகுநாதனின் 'பாரதி: காலமும் கருத்தும்' (1982), கா. சிவத்தம்பியும் அ. மார்க்சும் எழுதிய 'பாரதி: மறைவு முதல் மகாகவி வரை' (1984), ஆ.இரா. வேங்கடாசலபதியின் 'பாரதி: கவிஞனும் காப்புரிமையும்' ஆகியவற்றை இங்கே வைக்கலாம். கடைசி நூல், பாரதி எழுத்துகளின் உரிமை யார் யார் கையில் இருந்தது, 1949-இல் சென்னை அரசு அதை எப்படிப் பொதுவாக்கியது என்று சொல்கிறது.

3. 'மகாகவி' பட்டம் சண்டை போட்டு வந்தது

இன்று 'மகாகவி' என்று நாம் யோசிக்காமல் எழுதுகிறோம். 1930-களின் நடுவில் அது பெரிய விவாதம். பாரதி மகாகவிதான் என்றார் வ.ரா. நல்ல கவி, தேசிய கவி, ஆனால் உலக மகாகவிகள் வரிசையில் வைக்க முடியாது என்றார் கல்கி. கு.ப. ராஜகோபாலனும் சிட்டியும் கல்கி தரப்புக்கு மறுப்பாகக் கட்டுரைகள் எழுதினார்கள். அவை 'கண்ணன் என் கவி' என்ற நூலாக 1937-இல் வந்தன. கவிதையை எடுத்துவைத்து, காரணம் காட்டி வாதாடிய நூல் அது.

எனக்குப் பிடித்த இடம் இதற்கு அப்புறம் வருகிறது. பட்டம் தர மறுத்த அதே கல்கிதான் எட்டயபுரத்தில் பாரதிக்கு மணிமண்டபம் கட்ட முன்னின்று நிதி திரட்டினார். 1947-இல் அது திறக்கப்பட்டது. ஒரு கவிஞரைக் குறை சொல்வதும் அவரை நேசிப்பதும் ஒரே மனிதரிடம் இருக்க முடியும். "பாரதியை விமர்சித்து எழுதினால் மார்க் போயிடுமா டீச்சர்?" என்று கேட்கும் மாணவருக்கு நான் சொல்லும் பதில் இதுதான்.

இந்தச் சிக்கல் தமிழுக்கு மட்டும் உரியதல்ல. பாரதி தம் கட்டுரை ஒன்றில் பாராட்டி எழுதிய அமெரிக்கக் கவிஞர் வால்ட் விட்மனை எடுத்துக்கொள்ளுங்கள். அவரைப் பற்றி நண்பர் ஜான் பரோஸ் 1867-இலும், மருத்துவர் பக் 1883-இலும் நூல் எழுதினார்கள். இரண்டிலும் சில பகுதிகளை விட்மனே எழுதிக் கொடுத்தார் என்று பின்னால் ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். தம் வரலாற்றைத் தாமே பின்னாலிருந்து எழுதிவிட்டார்! ஆக, "யார் எழுதியது?" என்ற கேள்வியை அட்டையில் உள்ள பெயரோடு நிறுத்திவிடக் கூடாது.

4. பேராக்கில் இருந்து பார்த்தால்

பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களில் துன்பப்பட்ட நம் பெண்களைப் பற்றிப் பாரதி பாடியிருக்கிறார். பிஜிக்கு அவர் போனதே இல்லை. கேள்விப்பட்டதை வைத்து மனம் கொதித்துப் பாடினார். வகுப்பில் இதை எங்கோ தூர தேசத்துச் சோகமாகத்தான் நடத்திவிட்டுப் போகிறோம்.

நம் பேராக்கின் கிரியான் மாவட்டத்தை நினைத்துப் பாருங்கள். பாரிட் புந்தார், பாகான் செராய் வட்டாரத்தில் ரப்பருக்கு முன்னால் இருந்தது கரும்பு. தமிழர்கள் அங்கேயும் ஒப்பந்தக் கூலிகளாக வந்து வேலை செய்தார்கள். மலாயாவுக்கு ஒப்பந்த முறையில் ஆள் எடுப்பது 1910-இல்தான் நின்றது. கங்காணி வழி ஆள் சேர்ப்பது 1938 வரை நீடித்தது. பாரதி பாடிய அந்தப் பெண்களின் சகோதரிகள் நம் மாநிலத்திலேயே கரும்பு வெட்டியிருக்கிறார்கள்.

ஒரு கவிஞருக்குக் குறைந்தது மூன்று பேர் நினைவு எழுதினார்கள், இருவர் ஆவணம் தேடினார்கள், பலர் ஆராய்ந்தார்கள். அதனால்தான் யானைக் கதையை இன்று திருத்த முடிகிறது. விடியற்காலையில் பெரட்டுக்கு நின்று, பால் மரம் வெட்டி, பிள்ளைகளைப் படிக்க வைத்த என் பாட்டிக்கு ஒரு நூலும் இல்லை. அவர் இருந்த லயம் இப்போது செம்பனைக் காடு. அவரைப் பற்றி நான் தப்பாகச் சொன்னால் திருத்த யாரும் இல்லை. சென்ற ஆண்டு படிவம் 4 மாணவி ஒருத்தி கேட்டாள்: "டீச்சர், எங்க ஆயாவ பத்தி எழுதினா அது வரலாறா?" ஆமாம் அம்மா. யார் சொன்னது, எப்போது சொன்னது, வேறு யார் ஒப்புக்கொள்கிறார் என்று மூன்றையும் சேர்த்து எழுதினால் வரலாறுதான்.

5. தேர்வில் எப்படி எழுதுவது?

ஒரு கூற்றை எழுதுமுன் மூன்று கேள்வி கேளுங்கள்:

- சொன்னவர் யார்? நேரில் கண்டவரா, கேட்டவரா, ஆய்வாளரா?
- நிகழ்ச்சிக்கும் நூலுக்கும் எத்தனை ஆண்டு இடைவெளி?
- வேறொரு நூல் இதை ஒப்புகிறதா, மறுக்கிறதா?

மாதிரிப் பத்தி: "பாரதியார் 1921-இல் கோயில் யானையால் தள்ளப்பட்டுக் காயமுற்றார். எனினும் அவர் உயிர் பிழைத்து, அதே ஆண்டு ஜூலை இறுதியில் ஈரோட்டில் சொற்பொழிவாற்றினார். பின்னர் வயிற்றுக்கடுப்பு நோயால் செப்டம்பரில் மறைந்தார். எனவே யானையால் இறந்தார் எனும் வழக்கு ஏற்புடையதன்று." நான்கு வரிதான். கூற்று, சான்று, முடிவு மூன்றும் இதில் இருக்கின்றன. உயர்நிலைச் சிந்தனைக் கேள்விக்கு வேண்டியதும் இதுதான்.

பயிற்சிக்கு ஒரு வினா: 'குருவிக்கு அரிசி இறைத்த நிகழ்ச்சியை வ.ரா. நோக்கிலும் செல்லம்மா நோக்கிலும் ஒப்பிட்டு 120 சொற்களில் எழுதுக.' ஆசிரியர்கள் இதைக் குழு நடவடிக்கையாகவும் செய்யலாம்.

என்னிடம் அந்த மூன்று ஆண்டுகள் படித்த மாணவர்கள் யாராவது இதை வாசித்தால், அன்று சொன்னதைத் திருத்திக்கொள்ளுங்கள் கண்ணுங்களா. உங்கள் பிள்ளைகளுக்குச் சரியாகச் சொல்லுங்கள்.