அரைச் சம்பளம்

பாகூர் என்றதும் பலருக்கு அங்குள்ள பெரிய ஏரி நினைவுக்கு வரும். எனக்கு ஒரு செப்பேடு நினைவுக்கு வருகிறது. ஒன்பதாம் நூற்றாண்டில், நிருபதுங்கவர்மன் என்ற பல்லவ மன்னன் காலத்தில், பாகூரிலிருந்த கல்விச்சாலைக்கு மூன்று கிராமங்களை மானியமாக விட்ட செய்தியை அது சொல்கிறது. பாடம் சொல்லிக் கொடுப்பவன் வீட்டு அடுப்பு அணையக் கூடாது என்பது அன்றைய மனிதர்களுக்குத் தெரிந்திருந்தது.

அதே பாகூரில் இன்று ஒரு சர்க்கார் பள்ளி ஆசிரியரை 'சஸ்பெண்ட்' செய்தால் அவர் அடுப்பு என்ன ஆகும்?

1954 அக்டோபர் 18-ல், வில்லியனூரை அடுத்த கீழூரில் 178 பிரதிநிதிகள் வாக்களித்தார்கள். 170 பேர் இந்தியாவோடு சேர வேண்டும் என்றார்கள். பிரெஞ்சுக்காரர் போனார், 1962-ல் சட்டப்படி இணைப்பும் முடிந்தது. டில்லியில் எழுதிய 1965-ஆம் வருஷத்து விதிகளே இன்று புதுவை ஆசிரியரைக் கட்டுப்படுத்துகின்றன. விசாரணைக் காலத்தில் ஒருவரை வேலையிலிருந்து விலக்கி வைக்கலாம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தாலே விலக்கியதாகப் பொருள். இது தண்டனை அல்ல என்கிறது சட்டம்.

கிராமத்துக்கு அந்தச் சட்டம் தெரியாது. காலை ஒன்பது மணிக்கு வாத்தியார் திண்ணையில் உட்கார்ந்திருந்தால், "என்ன சார், இன்னிக்குப் பள்ளிக்கூடம் இல்லையா?" என்று பால்காரர் கேட்காமல் போக மாட்டார்.

முதல் மூன்று மாதம் கைக்கு வருவது ஏறக்குறைய அரைச் சம்பளமும் அதற்கேற்ற பஞ்சப்படியும்தான். இதற்குப் பிழைப்பூதியம் என்று பெயர். தாமதம் அவரால் நேரவில்லை என்றால், பிறகு அதில் பாதி வரை கூட்டிக் கொடுக்கலாம். வேறு வேலையோ வியாபாரமோ செய்யவில்லை என்று எழுதிக் கொடுத்தால்தான் அதுவும் கிடைக்கும்.

இந்தச் சிறு தொகைக்குள் எவ்வளவு நியாயம் அடங்கியிருக்கிறது என்பதை ஒரு பழைய வழக்கு காட்டுகிறது. மத்தியப் பிரதேசத்து வனத்துறை ரேஞ்சர் ஒருவர் ரேவாவில் இருந்தார். விசாரணையோ 500 கிலோமீட்டருக்கு அப்பால் ஜகதல்பூரில் நடந்தது. பிழைப்பூதியம் வந்து சேரவில்லை, பிரயாணத்துக்குக் காசில்லை. அவர் இல்லாமலே விசாரித்து வேலையிலிருந்து நீக்கிவிட்டார்கள். தம் பக்கத்தைச் சொல்ல அவருக்கு நியாயமான வாய்ப்பே கிடைக்கவில்லை என்று 1973-ல் சுப்ரீம் கோர்ட் அந்த உத்தரவை ரத்து செய்தது. தண்டனை பெற்று அப்பீல் செய்திருக்கும் ஊழியருக்கு மாதம் ஒரு ரூபாய் போதும் என்று மகாராஷ்டிரத்தில் ஒரு விதி இருந்தது. 1983-ல் அதுவும் செல்லாது என்றாயிற்று.

பாகூருக்குத் தெற்கே தென்பெண்ணையைத் தாண்டினால் தமிழ்நாடு. 2003 ஜூலையில் வேலைநிறுத்தம் செய்த சுமார் 1,70,000 ஊழியர்களையும் ஆசிரியர்களையும் அந்த அரசு விசாரணையின்றி நீக்கியது. நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றது உயர்நீதிமன்றம். அங்கே அப்போது இருந்தவர் ஒரே ஓர் உறுப்பினர்! சுப்ரீம் கோர்ட் தலையிட்ட பிறகு, மன்னிப்புக் கடிதம் கொடுத்துப் பெரும்பாலோர் திரும்பினார்கள். ஆனால் வேலைநிறுத்தம் செய்ய அவர்களுக்கு உரிமையில்லை என்றும் ஆகஸ்ட் 6-ஆம் தேதித் தீர்ப்பு அடித்துச் சொன்னது.

விலக்கி வைப்பதே கூடாது என்று நான் வாதாடவில்லை. குழந்தைகளிடம் முறைகேடாக நடந்தவரை அன்றைக்கே வகுப்பிலிருந்து அகற்றத்தான் வேண்டும். ஆனால் குற்றம் இன்னதென்று சொல்லாமல் காலம் கடத்துவதற்கு என்ன நியாயம்? 90 நாளுக்குள் மறுபரிசீலனை செய்யாவிட்டால் உத்தரவு காலாவதியாகும் என்று 2004-ல் மத்திய விதி திருந்தியது. குற்றச்சாட்டுக் குறிப்பு கொடுக்காமல் மூன்று மாதத்துக்கு மேல் நீட்டக் கூடாது என்று 2015-ல் சுப்ரீம் கோர்ட் கூறியது.

இந்த உரிமைகளைக் கேட்டுப் பெற, வில்லியனூர் வாத்தியார் சென்னையிலுள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை நாட வேண்டும். அங்கே தோற்றால், 1997-ஆம் வருஷத்துத் தீர்ப்பின்படி உயர்நீதிமன்றத்துக்குப் போகலாம். வக்கீல் ஃபீஸ், பஸ் செலவு, வாய்தா எல்லாம் அந்த அரைச் சம்பளத்திலிருந்துதான்.

கடைசியில் ஜெயித்தால் நிலுவை மொத்தமாகக் கைக்கு வரலாம். அதற்குள் அவருடைய ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள் வேறு பள்ளிக்கூடத்துக்குப் போயிருப்பார்கள்.