எழுபதுகளில் 'ஏ' சான்றிதழ்: தமிழ்த் திரையும் தஞ்சை வட்டாரமும்

இந்தியாவில் திரைப்படங்களை அனைவருக்கும் உரியவை ('யு'), வயது வந்தோருக்கு மட்டும் உரியவை ('ஏ') எனப் பிரிக்கும் முறை 1949 ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்தால் வந்தது. தொடக்கத்தில் 'ஏ' என்பதற்கு ஆபாசம் என்ற பொருள் இல்லை. 'ஏ' சான்றிதழ் பெற்ற முதல் தமிழ்ப்படமான மர்மயோகி (1951), பேய்க் காட்சிகளுக்காகவே அதைப் பெற்றது. எழுபதுகளில்தான் அந்த எழுத்தின் பொருள் மாறியது.

சட்டப் பின்னணி

டென்மார்க் 1969 இல் ஆபாசப் படங்கள் மீதான தடையை நீக்கியது. அமெரிக்காவில் 1972 இல் வெளியான 'டீப் த்ரோட்' திரையரங்குகளில் ஓடியது. இந்தியாவில் அத்தகைய தொழிலுக்குச் சட்டத்தில் இடமில்லை. தணிக்கையின்றி எந்தப் படத்தையும் பொதுவில் திரையிட முடியாது. எனினும் கதைக்குத் தேவையான முத்தக் காட்சியை அனுமதிக்கலாம் என்று கோஸ்லா குழு 1969 இல் பரிந்துரைத்தது. கே.ஏ. அப்பாஸ் தொடுத்த வழக்கில் 1970 இல் உச்ச நீதிமன்றம் தணிக்கை முறையை ஏற்றது. ஆனால் பாலுறவைக் காட்டுவது எல்லாமே ஆபாசம் ஆகாது என்றும் தெளிவுபடுத்தியது.

அரங்கேற்றம்

இச்சூழலில் கே. பாலசந்தரின் 'அரங்கேற்றம்' (1973) வெளிவந்தது. அவர் அன்றைய தஞ்சை மாவட்டத்தின் நன்னிலம் பகுதியில் பிறந்து, முத்துப்பேட்டையில் ஆசிரியராகப் பணியாற்றியவர். வறுமையில் வாடும் புரோகிதர் குடும்பத்தைக் காக்க, மூத்த மகள் பாலியல் தொழிலுக்குத் தள்ளப்படுவதே கதை. எதிர்ப்பு எழுந்தபோதும் படம் வெற்றி பெற்றது. அதுவரை வெளிப்படையாகப் பேசத் தயங்கிய ஒன்றைக் குடும்பக் கதையாகவே அது பேசியது.

கொட்டகையும் சுவரொட்டியும்

டெல்டா கிராமங்களின் டூரிங் டாக்கீஸில் ஊரே ஒன்றாக உட்கார்ந்து படம் பார்த்தது. ஆண்கள், பெண்கள், பிள்ளைகள் கூடும் அந்த மணல் தரையில் 'ஏ' படத்துக்குப் போவது மறைக்க முடியாத செயல். முகம் தெரியாத நகரத் திரையரங்குகளே அதற்கு வசதியாயின.

பாலியல் தொழிலாளி ஒருத்தியைப் பரிவோடு காட்டிய ஐ.வி. சசியின் மலையாளப் படம் 'அவளுடெ ராவுகள்' (1978), கதையைவிடச் சுவரொட்டியாலேயே பலருக்கு நினைவிருக்கிறது. எச்சரிக்கையாகப் பிறந்த எழுத்து, விளம்பரமாகவும் பயன்பட்டது. பெண்ணின் துயரைச் சொன்ன படமும் அவள் உடலை விற்ற படமும் ஒரே முத்திரையைச் சுமந்தன.

1983 இல் 'யுஏ', 'எஸ்' பிரிவுகள் சேர்க்கப்பட்டன. அவையும் பார்ப்பவர் யார் என்பதை வரையறுத்தனவே தவிர, படத்தின் நோக்கத்தைப் பிரித்துக் காட்டவில்லை.