டில்டா சுவின்டன்: கண்ணாடிப் பேழைக்குள் உறங்கிய நடிகை

1995ஆம் ஆண்டு லண்டனிலுள்ள சேர்பன்டைன் கலைக்கூடத்தில், ஒரு பெண் கண்ணாடிப் பேழைக்குள் கண்களை மூடிப் படுத்திருந்தார். நாளொன்றுக்கு எட்டு மணிநேரமாக ஏழு நாட்கள் இது தொடர்ந்தது. 'த மேபி' என்ற இந்த ஆற்றுகையை நிகழ்த்தியவர், அப்போது வளர்ந்துவந்த நடிகை டில்டா சுவின்டன்.

1960இல் லண்டனில் பிறந்த சுவின்டன், கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் படித்தார். ரோயல் ஷேக்ஸ்பியர் கம்பனியில் சேர்ந்தபோதும் அங்கு நீண்டகாலம் இருக்கவில்லை. ஓவியரும் இயக்குநருமான டெரிக் ஜார்மனின் 'கரவாஜியோ' (1986) அவரைப் பரிசோதனைத் திரைப்படத்தின் பக்கம் கொண்டுவந்தது. பெரும்பாலும் சுப்பர் 8 கமராவில் எடுக்கப்பட்ட 'த லாஸ்ட் ஒஃப் இங்கிலண்ட்' படத்தில், தன் மணப்பெண் உடையைக் கத்தரிக்கோலால் வெட்டிக் கிழித்தபடி அவர் நெருப்பருகே சுழல்கிறார். அக்காட்சியில் வசனம் இல்லை, உடலே பேசுகிறது.

1986 இறுதியில் ஜார்மனுக்கு எச்.ஐ.வி. தொற்று உறுதியானது. நோயாளர்கள் ஒதுக்கப்பட்ட அக்காலத்தில் அவர் அதைப் பகிரங்கமாகச் சொன்னார். தற்பாலீர்ப்பை உள்ளூராட்சி சபைகள் 'ஊக்குவிப்பதை' பிரித்தானிய அரசு 1988இல் சட்டத்தால் தடைசெய்தது. அதற்கான எதிர்ப்பையும் சேர்த்து ஜார்மன் எடுத்த 'எட்வேர்ட் II' (1991), சுவின்டனுக்கு வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதைப் பெற்றுக்கொடுத்தது. பார்வை மங்கிய நிலையில் ஜார்மன் உருவாக்கிய 'புளூ' (1993) படத்தில் திரை முழுவதும் நீல நிறம் மட்டுமே. அதில் ஒலிக்கும் குரல்களில் ஒன்று சுவின்டனுடையது. 1994 பெப்ரவரியில் ஜார்மன் இறந்தார்.

அவரையும் வேறு பல நண்பர்களையும் எயிட்ஸ் நோய்க்குப் பறிகொடுத்த துயரிலிருந்தே 'த மேபி' பிறந்தது. சிற்பக் கலைஞர் கோர்னீலியா பார்க்கர், சுற்றிலும் இருந்த வேறு கண்ணாடிப் பெட்டிகளில் இறந்தவர்களின் பொருட்களை வைத்தார். சேர்ச்சில் பாதி புகைத்த சுருட்டும், பிராய்டின் தலையணையும் அவற்றில் அடங்கும். சுவின்டனின் பேழையிலும் ஒரு பெயர்ச்சீட்டு இருந்தது. அதில் பிறந்த ஆண்டு மட்டும் எழுதப்பட்டு, இறந்த ஆண்டுக்கான இடம் வெறுமையாக விடப்பட்டிருந்தது.

இறந்தவரின் உடைமையொன்றைப் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் எவருக்கும் இந்த ஏற்பாட்டுக்கு விளக்கம் தேவைப்படாது. பொருட்கள் எஞ்சுகின்றன, அவற்றின் நடுவே உயிரோடிருப்பவர் மூச்சுவிட்டபடி கிடக்கிறார்.

2008இல் ஒஸ்கார் விருது பெற்ற பின்னரும் சுவின்டன் இந்த ஆற்றுகையைக் கைவிடவில்லை. 2013இல் நியூயோர்க் நவீன கலை அருங்காட்சியகத்தில், முன்னறிவிப்பின்றி மீண்டும் பேழைக்குள் படுத்தார்.