இசை மாறினா உஷார்... ஹைரூலில் ‘ரத்த நிலா’ வந்தால் என்ன நடக்கும்?

2017-ல் நிண்டெண்டோ வெளியிட்ட ‘செல்டா: பிரெத் ஆஃப் தி வைல்ட்’ கேமின் கற்பனை உலகம்தான் ஹைரூல். அங்கு சில இரவுகளில் நிலா சிவக்கும்.

எப்படித் தெரியும்?
இரவு 11.30 மணிவாக்கில் பின்னணி இசை திகிலாக மாறும். செந்நிறத் துகள்கள் பறக்கும்.

நள்ளிரவில்?
வீழ்த்திய அரக்கர்கள் உயிரோடு திரும்பிடுவாங்க. கஷ்டப்பட்டுப் பிடித்த முகாம் மறுபடி அவர்கள் வசம்!

லாபமே இல்லையா?
இருக்கு. 11.30 முதல் 12.15 வரை சமைத்தால் உணவில் கூடுதல் பலன் நிச்சயம். வாஷா குன்றில் அக்கார்டியன் வாசிக்கும் காஸின் பாட்டிலும் ஒரு துப்பு உண்டு. ரத்த நிலா இரவில், ஹீரோ லிங்க் உடைகளைக் கழற்றிவிட்டு அங்குள்ள பீடத்தில் நின்றால், மறைந்திருக்கும் சன்னதி வெளிவரும்.

தவறவிட்டால்?
அடுத்த ரத்த நிலா வரை காத்திருக்க வேண்டியதுதான்!