ரோப்லாக்ஸ்: தொடக்க வரலாறு

ரோப்லாக்ஸ், கட்டைகளை அடுக்கி உலகங்களை உருவாக்கவும் அவற்றில் பிறரோடு கூடி விளையாடவும் உதவும் இணையத்தளம். அமெரிக்காவின் கலிபோர்னியாவில் டேவிட் பசூக்கி, எரிக் கேசல் ஆகிய இருவரும் இதைத் தோற்றுவித்தனர். இதிலுள்ள விளையாட்டுகளில் பெரும்பாலானவை ஆடுவோரே செய்தவை.

இதன் வேர் பள்ளி இயற்பியலில் இருக்கிறது. 1989இல் பசூக்கி தம் சகோதரர் கிரெக்குடன் சேர்ந்து நாலெட்ஜ் ரெவல்யூஷன் என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். கேசலும் பின்னர் அங்கே பொறியாளராகப் பணியாற்றினார். அந்நிறுவனத்தின் 'இன்டராக்டிவ் பிசிக்ஸ்' மென்பொருள் கணினித் திரையையே ஆய்வகமாக்கியது. மாணவர் அதில் சாய்தளம் வரையலாம். கப்பியில் கயிறு மாட்டலாம். சுருள்வில்லில் எடையைத் தொங்கவிடலாம். நிறையையும் உராய்வையும் கூட்டலாம், குறைக்கலாம். புவியீர்ப்பை அறவே நிறுத்திவிட்டு என்ன நடக்கிறது என்றும் பார்க்கலாம். ஓட்டியதும், ஒவ்வொரு பொருளும் அடுத்த கணம் எங்கே இருக்கும் என்பதை நியூட்டனின் விதிகளின்படி மென்பொருள் கணக்கிட்டுக் காட்டும். எறிபொருளின் பாதையைக் கரும்பலகையில் புள்ளி புள்ளியாக வரைந்து விளக்கிவந்த ஆசிரியர்களுக்கு இது அரிய துணை.

பாடக் கணக்கு முடிந்ததும் மாணவர்கள் வேறு வேலையில் இறங்கினர். கார்களை மோதவிட்டனர், கட்டடங்களை எழுப்பி இடித்தனர். தாமே ஒன்றைக் கட்டி அது சரிவதைப் பார்ப்பதில் அவர்கள் காட்டிய ஈடுபாடே ரோப்லாக்ஸுக்கு வித்தானது என்று பசூக்கி பின்னாளில் கூறியுள்ளார்.

1998இல் நாலெட்ஜ் ரெவல்யூஷனை எம்எஸ்சி சாஃப்ட்வேர் 2 கோடி டாலருக்கு வாங்கியது. சில ஆண்டுகளில் பசூக்கி அங்கிருந்து விலகினார்.

பிறகு பசூக்கியும் கேசலும் மென்லோ பார்க்கில் உருவாக்கிய முன்மாதிரிக்கு முதலில் 'டைனாபிளாக்ஸ்' என்று பெயர். அது ரோப்லாக்ஸ் ஆனது 2004இல் என்றும் 2005இல் என்றும் குறிப்புகள் வேறுபடுகின்றன. தொடக்க ஆண்டைச் சிலர் 2004 என்பர், சிலர் 2006 என்பர். நிறுவனம் 2004இல் உருவானதாகவும் தளம் 2006 செப்டம்பரில் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டதாகவும் கொள்வது பொருந்தும். எரிக் ஹார்ட்மன் உருவாக்கிய 'பிளாக்லேண்ட்' என்னும் கட்டை விளையாட்டும் 2004இல் வெளிவந்தது. ஒன்றைப் பார்த்து மற்றொன்று எழுந்தது என்று உறுதியாகச் சொல்லச் சான்று போதாது. 'மைன்கிராஃப்ட்' பொதுவெளிக்கு வந்தது 2009இல்தான். ஆகவே அதைப் பின்பற்றிப் பிறந்தது ரோப்லாக்ஸ் என்னும் பரவலான எண்ணம் சரியன்று.

பழைய 'இன்டராக்டிவ் பிசிக்ஸ்' மென்பொருளில் கணக்கு இருபரிமாணத்தில், ஒரே கணினியில் நடந்தது. ரோப்லாக்ஸில் அது முப்பரிமாணத்துக்கு விரிந்தது. ஒருவர் தள்ளிய கட்டை வேறோர் ஊரில் இருப்பவர் திரையிலும் உடனே நகர வேண்டியிருந்தது. 'கிராஸ்ரோட்ஸ்', 'ராக்கெட் அரீனா' போன்ற தொடக்கக்கால ஆட்டக்களங்களில் ராக்கெட் பட்டால் கட்டைகளின் பிணைப்பு அறுந்து, கோபுரம் துண்டு துண்டாகச் சரியும். மஞ்சள் முகம், நீல உடல், பச்சைக் கால்கள் கொண்ட எளிய உருவமும் அக்காலத்தது. பழைய ஆட்டக்காரர்களுக்கு இன்றும் அதன்மேல் தனிப் பற்று உண்டு. எண்ணிட்ட வட்டங்களாகத் திட்டமிட்டுக் கட்டிய நெய்வேலி நகரியத்தைப் போல முன்கூட்டியே வரைபடம் போட்டு எழுந்த ஊரல்ல ரோப்லாக்ஸ். நிறுவனம் தந்தவை வெறுந்தரையும் கட்டைகளும் 'லுவா' நிரல்மொழியும்தாம். சிறுவர்கள் அவற்றைக்கொண்டு வீடும் பந்தயத் தடமும் போர்க்களமும் அமைத்தனர். நிரல் எழுதுவதை அங்கேயே பழகியோர் பலர்.

2007இல் 'ரோபக்ஸ்' என்னும் தள நாணயமும் 'பில்டர்ஸ் கிளப்' என்னும் கட்டண உறுப்பினர் திட்டமும் வந்தன. 2012இல் ஐபோன், ஐபேட் கருவிகளுக்குத் தளம் விரிந்தது. 2013 பிப்ரவரியில் கேசல் புற்றுநோயால் காலமானார். விளையாட்டு செய்வோர் ஈட்டிய ரோபக்ஸைப் பணமாக மாற்றிக்கொள்ளும் வழி அதே ஆண்டில் திறந்தது. நிறுவனத்தின் பங்குகள் 2021 மார்ச்சில் நியூயார்க் பங்குச் சந்தைக்கு வந்தன. சிறுவர் பாதுகாப்பு தொடர்பான வழக்குகளை அண்மைக் காலத்தில் அது எதிர்கொண்டு வருகிறது.