தண்ணியில்லாக் காடு

"வாயை வெச்சுக்கிட்டுச் சும்மா இருங்க சார், தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திடுவாங்க." அரசு அலுவலகங்களில் பழகிய எச்சரிக்கை இது. நேர்ப்பொருள் வறண்ட நிலம். ஆள்வது தண்டனை இடமாறுதலுக்கு. ராமநாதபுரத்தை மனத்தில் வைத்துத்தான் அதிகம் சொல்வார்கள். மலையோர ஊர்களுக்கும் அதே பேச்சு வருவதுதான் வேடிக்கை. கோவையை அடுத்த ஆனைகட்டியில் எல்லையைத் தாண்டினால் கேரளத்தின் அட்டப்பாடி. பவானியும் சிறுவாணியும் ஓடும் மண். கோவைக்கே சிறுவாணித் தண்ணீர் போகிறது! அங்கே இல்லாத 'தண்ணி', கடைசிப் பேருந்தும் பிள்ளைக்கு நல்ல பள்ளியும்.

மாறுதல் உத்தரவில் மட்டும் 'நிர்வாக நலன் கருதி' என்றே இருக்கும். நீதிமன்றம் போனால் வழக்கு அந்த வரியைச் சுற்றித்தான். மாறுதலுக்குரிய பணியில் இருப்பவருக்கு ஒரே இடத்தில் நீடிக்கும் உரிமை இல்லை என்றது உச்ச நீதிமன்றத்தின் 1991 ஷில்பி போஸ் தீர்ப்பு. தண்டனைக்குப் பதிலாக மாற்றியிருந்தால் உத்தரவு செல்லாது என்றது 2008 சோமேஷ் திவாரி தீர்ப்பு. ஆனால் உள்நோக்கத்தை நிரூபிக்கும் சுமை ஊழியர் தலையில். தமிழகத் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவே, தன் மாறுதலை எதிர்த்த வழக்கில் அதை நிரூபிக்க முடியாமல் 1973இல் தோற்றார். தன்னிச்சையான அதிகாரம் சமத்துவத்துக்குப் பகை என்ற கோட்பாடு அவர் வழக்கில்தான் பிறந்தது.